மூன்றாம் சுற்று

இந்த வானத்துக்கு அப்பால் இன்னொரு வானம் இருந்த காலத்தில், அதன் கீழே ஒரு தீவு இருந்தது. அந்தத் தீவில் ஒரு ராஜாவும், அவருக்கு ஒரு கணித பண்டிதரும் இருந்தார்கள். "எந்த வானம், அது எங்கே?" என்று இப்போதே ஆரம்பிக்காதீர்கள். முதலில் கதையைக் கேளுங்கள்.

அந்த உலகத்தில் எதுவும் நேராகப் போகாது. அடுப்புப் புகை சுழன்று எழும். பறவை சுழன்று இறங்கும். கடல் தீவைச் சுற்றிச் சுற்றி ஓடும். படகில் போனவர்கள் தீவை வளைய வளைய வந்துதான் கரை சேர வேண்டும்.

பண்டிதரின் பெயர் தாழையப்பர். அவர் நத்தைக் கூட்டைப் பார்த்தார். விளிம்பில் தொடங்கிய கோடு உள்ளே போய் முடிந்தது. கொடிச்சுருளைப் பார்த்தார், அதுவும் உள்ளே போய் முடிந்தது. கடலைப் பார்த்தார், அதுவும் அப்படித்தான் இருந்தது. உடனே ஒரு விதி எழுதினார்: "எல்லாச் சுருளும் உள்நோக்கியே சுருளும். ஒவ்வொரு சுற்றும் முந்தைய சுற்றில் பாதி. மூன்றாம் சுற்றில் வீடு வந்து சேரும்."

அடேயப்பா, அதற்குக் கிடைத்த மரியாதையைக் கேட்கவா வேண்டும்! ராஜா அந்த விதியைக் கல்லில் பொறித்துக் கடற்கரையில் நட்டார். படகுகளும் சொன்னபடியே மூன்றாம் சுற்றில் தானாகக் கரை தட்டின. "அப்புறம் துடுப்பு எதற்கு? கரையில் கயிறு எதற்கு?" என்றார் ராஜா. துடுப்புகள் அடுப்புக்குப் போயின. கயிறுகள் மக்கிப்போயின. பண்டிதரின் மனைவி வடிவு மட்டும் துணி காயப்போட ஒரு கயிற்றை வைத்துக்கொண்டாள்.

அவர்களுக்கு ஒரே மகள், மின்னி. அப்பா சொன்னால் சரியாகத்தான் இருக்கும் என்று நம்புகிற பெண்.

ஒரு நாள் மின்னி பக்கத்துத் திட்டில் பூப்பறித்துவிட்டுப் படகில் திரும்பிக்கொண்டிருந்தாள். கடலடியில் என்ன புரண்டதோ தெரியவில்லை, தீவே ஒரு குலுங்கு குலுங்கியது. சட்டிபானை உருண்டது. சனங்கள் கடற்கரைக்கு ஓடினார்கள். ராஜாவும் வந்தார். வடிவு கொடிக்கயிற்றை அவிழ்த்துக்கொண்டே ஓடிவந்தாள்.

முதல் சுற்றில் படகு கரைக்கு வெகு அருகில் வந்தது. மின்னியின் முகம் தெரிந்தது. "அப்பா, கடல் என்னை வெளியே தள்ளுது! கயிறு போடுங்கப்பா!" என்று கத்தினாள்.

வடிவு கயிற்றை ஓங்கினாள். தாழையப்பர் அவள் கையைப் பிடித்துக்கொண்டார். "எல்லாரும் பாக்கிறாங்க. நம்ம வீட்டுலயே கயிறு வீசினா என் விதி என்ன ஆகிறது? ராஜா என்ன நினைப்பார்?" என்று அவள் காதில் சொன்னார். பிறகு மகளைப் பார்த்து, "பயப்படாதேம்மா! இன்னும் ரெண்டே சுற்று, தானா வந்துடுவே!" என்றார். மின்னி ஒரு காலைப் படகுக்கு வெளியே போட்டிருந்தாள், குதித்து நீந்தியிருப்பாள். அப்பா சொன்னதைக் கேட்டு உட்கார்ந்துவிட்டாள்.

இரண்டாம் சுற்றில் படகு பாதித் தூரத்தில் வந்திருக்க வேண்டும். இரண்டு மடங்கு தூரத்தில் வந்தது. முகம் தெரியவில்லை, குரல் மட்டும் கேட்டது. தாழையப்பருக்குப் புரிந்துவிட்டது, ஐயா, புரியாமல் இல்லை! ஆனால் ராஜா "என்ன பண்டிதரே இது?" என்று கேட்டதும் வாய் என்ன சொன்னது தெரியுமா? "சுருள் சுருங்கும் முன் ஒருமுறை வீங்கும், மகாராஜா. அதுவும் விதியில் அடக்கம்." அப்படி ஒரு வரி விதியில் கிடையவே கிடையாது.

"பாவி மனுஷா, பிள்ளை போகுதே!" என்று வடிவு கையை உதறிக்கொண்டு கயிற்றை வீசினாள். அது எட்டாமல் விழுந்தது.

மூன்றாம் சுற்றில் ஒரு புள்ளி தெரிந்தது. குரல் இல்லை. தாழையப்பர் கயிற்றைப் பிடுங்கிக்கொண்டு கழுத்தளவு தண்ணீரில் இறங்கினார். "நான் சொன்னது பொய்! குதிச்சுடும்மா மின்னி!" என்று அலறினார். யாருக்குக் கேட்கும்? வீசினார், வீசினார், வீசிக்கொண்டே இருந்தார்.

புதுத் துடுப்புகள் செதுக்கி எடுத்துப் போய்த் தேடினார்கள். கடல் காலியாகக் கிடந்தது. ராஜா கல்லைப் பிடுங்கிப் போடச் சொன்னார், அவ்வளவுதான். விதி பொய்த்ததற்காகப் பண்டிதரை யாரும் ஒரு வார்த்தை கேட்கவில்லை. எதற்குப் பயந்து வடிவின் கையைப் பிடித்தாரோ, அது நடக்கவே இல்லை.

தாழையப்பர் அதே நத்தைக் கூட்டை மறுபடி கையில் எடுத்தார். நத்தை நடுவில் குட்டியாகத் தொடங்கி வெளியே வெளியே வளர்ந்திருந்தது. அதே கோடுதான். அவர்தான் ஒரு முனையிலிருந்து மட்டும் பார்த்திருந்தார்.

வடிவு அவரைத் திட்டவில்லை. சோறு போடும்போதெல்லாம் ஒன்றே ஒன்றைக் கேட்பாள்: "முதல் சுற்றுல என் கையை ஏன் பிடிச்சீங்க?" அவர் சோற்றைப் பிசைந்துகொண்டே அழுவார்.

ஆகையால் கேளுங்கள்: தப்பை ஒத்துக்கொள்ள வெட்கப்பட்டு ஒருவன் தாமதித்தால், கடைசியில் அவன் ஒத்துக்கொள்ளும்போது காப்பாற்ற யாரும் மிஞ்சியிருக்க மாட்டார்கள்.