மூக்குக்கு ஒரு வேலை

ரொம்பக் காலத்துக்கு முன்னாடி, காட்டு மரங்களுக்கெல்லாம் ஒரு மந்திரவாதி காவல் இருந்தான். பேர் கொக்கிமூக்கன். விறகு வெட்ட வந்த ஆண்களையெல்லாம் சேவலாக்கி, ஒரே கல் கொட்டிலில் அடைத்துவிட்டான். அதில் ஒருவன் பூவாயியின் புருஷன் மருதையன்.

கைக்குழந்தையோடு தேடி வந்த பூவாயியிடம் மந்திரவாதி சொன்னான்: "விடிஞ்சதிலேருந்து பொழுது சாயிற வரைக்கும் ஒரு சேவலும் இன்னொண்ணைக் கொத்தாம இருக்கட்டும். எல்லாரும் மனுஷனாயிடுவாங்க. அதுவரைக்கும் நீதான் கூட்டணும். கொட்டில்ல ஒரு தூசி கிடக்கக் கூடாது."

கூட்டினாள். தீனி வைத்தாள். பிள்ளைக்குப் பால் கொடுத்தாள். மறுபடி கூட்டினாள். கொட்டில் கழுவிக் கவிழ்த்த தட்டு மாதிரி இருந்தது. உள்ளே கொத்து, கொத்து, திரும்பக் கொத்து.

"என் வாலைப் பிடுங்கிட்டான்!"

"மொதல்ல நீதானடா மொறைச்சே!"

பூவாயி கெஞ்சினாள். "நீ கூடவா மாமா?"

கொண்டையில் ரத்தம் வழிய மருதையன் தலையைக் குனிந்தான். "என்ன செய்யட்டும் புள்ளே, மூக்கு சும்மா இருக்க மாட்டேங்குதே."

சரி, மூக்குக்கு ஒரு வேலை கொடுப்போம் என்று ஒரு சோளக்கதிரைக் கட்டித் தொங்கவிட்டாள். இருந்தது ஒன்று, கேட்டது எல்லோரும். கொத்து, கொத்து, திரும்பக் கொத்து. மருதையனுக்கு ஒரு கண் வீங்கி மூடிக்கொண்டது. இன்னொரு சண்டையைத் தாங்க மாட்டான்.

அன்றைக்குப் பார்த்து, பல் முளைக்கிற பிள்ளை விடிய விடிய அழுதது. விடிகிற நேரத்தில், முற்றத்துக் குப்பையை அள்ளிய கூடையோடு கொட்டிலையும் கூட்ட உள்ளே வந்தவளின் கையிலிருந்து கூடை நழுவியது. சருகு, சுள்ளி, உமி, புழு எல்லாம் கல்தரை முழுக்கக் கொட்டிப்போயின. அள்ளத் தெம்பில்லை. சுவரில் சாய்ந்து உட்கார்ந்துவிட்டாள்.

"அடிச்சுக்கிட்டுச் சாவுங்க. என்னால முடியல."

சரசரவென்று சத்தம். கண்ணைத் திறந்தாள். ஆளுக்கொரு மூலையில் சேவல்கள் காலால் குப்பையைச் சீய்த்துக்கொண்டிருந்தன.

"டேய், இங்க கரையான் இருக்கு, வாடா!"

"எனக்கு இங்கேயே கொள்ளை கொள்ளையா இருக்கு. நீயே தின்னு!"

காலை போனது. உச்சி போனது. கொத்து எல்லாம் தரையில்தான் விழுந்தது.

பொழுது சாயும் நேரத்தில் கொக்கிமூக்கன் ஓடி வந்தான். "குப்பையை யார் கொட்டச் சொன்னது? வெறுங்கல்லுல கிடந்தாத்தானே அடிச்சுக்குவாங்க!"

சூரியன் மறைந்தே போச்சு. தலையெல்லாம் சருகோடு ஆண்கள் எழுந்து நின்றார்கள். அத்தனை பேரையும் ஒன்றாகக் கண்ட மந்திரவாதி எடுத்தான் ஓட்டம்.

மருதையன் பிள்ளையை வாங்கிக்கொண்டான். "வீட்டுக்குப் போலாமா புள்ளே?"

"போலாம் மாமா. கொஞ்சம்..." சொல்லி முடிக்குமுன் தூங்கிப்போனாள்.

அவளாக எழுந்திருக்கிற வரைக்கும் அந்த ஆண்கள் ஒருத்தரை ஒருத்தர் 'உஷ்' என்று அடக்கிக்கொண்டு, பிள்ளையைக் கை மாற்றிக் கை மாற்றி வைத்திருந்தார்கள்.