அறுபது துடுப்புத் தூரம்

அன்றைக்குக் கீழமுனைக் கடலில் இறங்கியவர்கள் பத்துப் பேர். படகுகள் ஆறு; எல்லாம் துடுப்பால் ஓட்டும் சின்னக் கயாக்.

ஒற்றைக் கயாக் இரண்டு. ஒன்றில் பிரகாசி; வயது முப்பத்தெட்டு; துடுப்புப் போடக் கற்றுக்கொடுப்பவர். மற்றதில் கபிரியேல்; வயது ஐம்பத்து மூன்று; அவரிடம் கற்றுக்கொள்பவர். இரட்டைக் கயாக் நான்கு. முதலாவதில் மதுரையிலிருந்து வேனில் ஆட்களை அழைத்து வரும் தயாபரனும் அவருடைய மச்சினனும். இரண்டாவதில் காரைக்குடி மெய்யம்மை ஆச்சியும் அவர் கணவர் சாத்தப்பனும். மூன்றாவதில் ஒரு தகப்பனும் மகளும். நான்காவதில் அக்காள் தங்கை, இருவருக்கும் நர்ஸ் வேலை. கரையில் நின்று குரைத்த நாயைக் கணக்கில் சேர்க்கவில்லை.

ஐம்பத்து மூன்று வயதுக்காரர் முப்பத்தெட்டு வயதுப் பெண்ணிடம் படிக்கப் போகிறார் என்று மூன்று மாதமாக ஊருக்குச் சிரிப்பு.

"கபிரியேலு, இன்னைக்கு என்ன பாடம்? ஆனாவா, ஆவன்னாவா?" என்று டீக்கடையில் கேட்பார்கள்.

கபிரியேல் டீயைக் குடித்துவிட்டுப் போய்விடுவார். இருபத்தாறு வருஷம் இழுவைப் படகு ஓட்டியவர். முதலாளி படகை விற்றுவிட்டார். எஞ்சினை ஒட்டியே உட்கார்ந்து இடது காது முக்கால்வாசி போய்விட்டது. கடலை விட்டு வேறு எதுவும் தெரியாது. பிரகாசியைத் தங்கச்சி என்றுதான் கூப்பிடுவார். ஆனால் படிக்க வந்த நாளிலிருந்து நீ என்று சொன்னதில்லை, நீங்க என்றுதான் பேசுவார்.

பிரகாசியின் பாடத்தில் பேச்சு குறைவு. ஒரே ஒரு விஷயத்தை மட்டும் திரும்பத் திரும்பச் சொல்லியிருந்தார். வைகாசியில் ஆலாக்குருவிகள் என்ற கடற்பறவைகள் கடல் நடுவே இருக்கும் மணல்திட்டில் முட்டையிடும். கூடு கட்டாது, மணலில் ஒரு சின்னக் குழி, அவ்வளவுதான். வெயில் ஏறினால் முட்டைமேல் உட்கார்ந்து தன் உடம்பாலேயே நிழல் கொடுக்கும். ஆளைக் கண்டு எழுந்து பறந்தால் முட்டை சுடுமணலில் கிடந்து வெந்துவிடும். அதனால் திட்டுக்கும் படகுக்கும் நடுவில் அறுபது துடுப்புத் தூரம், அதாவது அறுபது வீச்சில் போகும் தூரம், இருக்க வேண்டும். அந்த அறுபதைக் கண்ணால் அளக்கவே கபிரியேலுக்கு ஒரு மாதம் ஆயிற்று.

"ஐம்பத்தஞ்சு ஆகாதா தங்கச்சி?" என்று ஒருநாள் விளையாட்டாகக் கேட்டார்.

"அறுபது," என்றார் பிரகாசி.

அன்று காலை, மிதவைச் சட்டைகளை எடுத்துக் கொடுக்கும்போது தயாபரன் கபிரியேலைத் தனியே அழைத்தார்.

"அண்ணாச்சி, போன தடவை அந்தம்மா தூரத்திலேயே சுத்திக் காட்டிட்டுக் கூட்டிட்டு வந்துட்டாங்க. வீடியோல பறவையா தெரியுது? வெள்ளைப் புள்ளி புள்ளியாத் தெரியுது. ஒரே ஒரு தடவை திட்டுல ஏறணும். எல்லாம் மொத்தமா எந்திரிச்சுப் பறக்கணும். அதை எடுத்துப் போட்டேன்னா வாரம் ரெண்டு வேன் நிறையும்."

"அவங்க விட மாட்டாங்க சார்."

"அதுக்குத்தான் உங்ககிட்ட சொல்றேன். நீங்க கூட்டிட்டுப் போங்க. வர்ற சீசன்லேருந்து என் ஆளுகளுக்கு நீங்கதான் எல்லாம். அந்தம்மாவே வேண்டாம்."

கபிரியேல் சரி என்று சொல்லவில்லை. முடியாது என்றும் சொல்லவில்லை. தன் மிதவைச் சட்டையில் ஏற்கெனவே மாட்டியிருந்த கொக்கியை ஒருதரம் கழற்றி மறுபடி மாட்டிக்கொண்டார்.

பிறகு பிரகாசியிடம் போய் நின்றார்.

"தங்கச்சி, பெரிய மனுஷன் ஒருத்தன் கூடாத ஒண்ணைக் கேட்டா, முடியாதுன்னு எப்படிச் சொல்றது?"

பிரகாசி அவரை ஏற இறங்கப் பார்த்தார்.

"தண்ணி குடிச்சீங்களா அண்ணே?"

"குடிச்சேன்."

"இன்னைக்கு முன்படகு நீங்க. நான் கடைசியில வர்றேன்."

மூன்று மாதத்தில் முன்படகு கிடைப்பது அதுதான் முதல் தடவை. கபிரியேல் கணக்குப் போட்டார். இரண்டு மூன்று வாரம் இப்படி ஒழுங்காகப் போய் வந்துவிட்டால் போதும். டீக்கடைக்காரர்கள் வேறு ஆளைத் தேடிக்கொள்ளட்டும்.

ஆறு பத்துக்குப் புறப்பட்டார்கள். தண்ணீர் கண்ணாடி மாதிரி கிடந்தது. கடல்புல்லுக்கு மேலே போகும்போது ஆமை ஒன்று தலை தூக்கிப் பார்த்துவிட்டு முங்கியது. தூரத்தில் ஓங்கில்கள், டால்பின்கள்தான், நான்கு, முதுகு மட்டும் தெரியப் போயின. தகப்பனோடு வந்த பெண் சத்தமாக எண்ணினாள்.

"ஏங்க, துடுப்பைத் தண்ணிக்குள்ள போடுங்க. காத்துல வீசிட்டு வர்றீங்க," என்றார் மெய்யம்மை ஆச்சி.

"நான் போட்டா நீ போடுறது தெரியாமப் போயிடுமே," என்றார் சாத்தப்பன். "தம்பி, சாப்பாடு எத்தனை மணிக்கு?"

"பன்னிரண்டரைக்கு ஐயா."

"இன்னும் ஆறு மணி நேரம்," என்றார் சாத்தப்பன் கடலிடம்.

அலையாத்திக் காட்டோரம் நிறுத்தி மோர் குடித்தார்கள். பூநாரைகளைப் பார்த்தார்கள். பத்தரை மணிக்குத் திட்டுப் பக்கம் திரும்பினார்கள். வெயில் நன்றாக ஏறியிருந்தது.

கபிரியேல் முன்னால் போய்க்கொண்டிருந்தார். இடதுபக்கம், சற்றுத் தள்ளி, ஆலாக்கள் மேலே எழுவதும் சடாரென்று கீழே விழுவதுமாக இருந்தன. இருபத்தாறு வருஷமாக அவருக்கு அது ஒரே ஒரு செய்தி. ஆலா விழுந்தால் கீழே மீன் இருக்கிறது, படகைத் திருப்பு. எஞ்சின் ஓட்டுகிறவன் யோசிக்க மாட்டான், கை திரும்பிவிடும்.

கை திரும்பியது. பின்னால் நான்கு இரட்டைப் படகுகளும் திரும்பின.

கொஞ்ச தூரம் போன பிறகுதான் தலையைச் சாய்த்து நல்ல காதை அந்தப் பக்கம் கொடுத்தார். மீன் பிடிக்கும் ஆலா இப்படி அலறாது. இவை தண்ணீரில் விழவில்லை. மணலில் இறங்கப் பார்த்து, படகைக் கண்டு, மறுபடி எழுந்தன. கபிரியேல் துடுப்பை நிறுத்தித் திட்டை அளந்தார்.

முப்பத்தைந்து.

"அண்ணாச்சின்னா அண்ணாச்சிதான்!" என்றார் தயாபரன். செல்போனை மார்புப் பட்டையில் செருகிக்கொண்டு துடுப்பை ஓங்கிப் போட்டார். மச்சினனும் போட்டான். இரண்டு பேரும் வாட்டசாட்டமான ஆட்கள். படகு கபிரியேலைத் தாண்டிப் போயிற்று.

"சார், நில்லுங்க," என்றார் கபிரியேல். குரல் அவருக்கே கேட்கவில்லை.

கடைசியில் வந்த பிரகாசி கத்தவில்லை. குனிந்த தலை நிமிராமல் துடுப்புப் போட்டு வந்தார். மற்ற மூன்று படகுகளையும் கடக்கும்போது, "இங்கேயே நில்லுங்க," என்று மட்டும் சொன்னார். தயாபரனுடைய படகின் பின்முனையை எட்டிப் பிடித்தார். களைத்துப் போனவர்களை இழுத்து வர வழிகாட்டிகள் இடுப்பில் ஒரு கயிறு கட்டியிருப்பார்கள். நுனியில் கொக்கி இருக்கும். அந்தக் கொக்கியைத் தயாபரன் படகின் வளையத்தில் மாட்டினார். தன் படகைக் கடல் பக்கம் திருப்பி இழுக்கத் தொடங்கினார்.

இருபத்தெட்டு.

கயிறு விறைத்தது. தயாபரன் திரும்பிப் பார்த்தார்.

"என்னம்மா இது? களைச்சவங்களுக்குக் கட்டுற கயிறுதானே? எனக்கு என்ன களைப்பு?"

"உங்களுக்கு இல்லை சார். மேல கத்துதே, அதுகளுக்கு."

"அவிழுங்க."

பிரகாசி துடுப்புப் போட்டார்.

"நாப்பது ஞாயித்துக்கிழமை என் வேன் இங்க வருது. நான் நிறுத்தினா உங்க படகு கரையில கிடந்து வெடிச்சுப்போகும், தெரியுமில்ல?"

"வேனை நிறுத்திக்கங்க சார். நான் இழுக்கிறதை நிறுத்த மாட்டேன்."

"டேய், போடுடா!" என்றார் தயாபரன் மச்சினனிடம்.

அந்தப் பக்கம் இரண்டு ஆண்கள். இந்தப் பக்கம் ஒரு பெண், நாற்பத்தேழு கிலோ. பிரகாசி முன்னோக்கித் துடுப்புப் போட்டுக்கொண்டே பின்னோக்கிப் போனார். இருபத்தைந்து. இருபத்து மூன்று. கழுத்து நரம்பு புடைத்தது. கபிரியேலை அவர் கூப்பிடவில்லை. அவர் பக்கம் பார்க்கக்கூட இல்லை.

கபிரியேலின் இடுப்பிலும் ஒரு கயிறு இருந்தது. கை அதன்மேல் இருந்தது.

"அண்ணாச்சி!" என்று தயாபரன் கூப்பிட்டார். "முன்னால வந்து எங்க ஏறலாம்னு காட்டுங்க. காலையில பேசினது ஞாபகம் இருக்குல்ல? நான் சொன்ன சொல் மாற மாட்டேன்."

எல்லாருக்கும் கேட்டது. பிரகாசிக்கும் கேட்டது. அவர் துடுப்பு ஒரு வீச்சுகூடத் தவறவில்லை.

இருபத்தொன்று.

அடுத்த சீசன், முன்படகு, தன் பேரைச் சொல்லிக் கேட்டு வரும் வேன், வாயடைத்துப்போன டீக்கடை, எல்லாம் கபிரியேலுக்கு ஒரே சமயத்தில் தெரிந்தது. மேலே ஆலாக்கள் இறங்க இடமில்லாமல் சுற்றின. மணல் வெள்ளையாகக் கொதித்தது.

இருபது.

"தம்பி, என்ன வேடிக்கை பாக்குறீங்க? அந்தப் பொண்ணு முதுகு முறியுது!" என்று மெய்யம்மை ஆச்சி கத்தினார்.

கபிரியேல் படகைத் திருப்பினார். பிரகாசி படகின் முன்முனைக்கு வந்து, தன் கயிற்றின் கொக்கியை அதன் வளையத்தில் மாட்டினார். திட்டைப் பார்த்தார்.

பத்தொன்பது.

பிறகு எதையும் பார்க்கவில்லை. இழுத்தார். இழுவைப் படகுக்காரர் வலையை இழுக்கும் இழுப்பு அது. மூன்று படகும் ஒரே வரிசையில் நின்றன, போகவுமில்லை, வரவுமில்லை.

"கபிரியேல்! நாளைக்கு என்கிட்ட வந்து நிக்காதீங்க!"

"நிக்க மாட்டேன் சார்."

"இதுக்கு நீங்க அனுபவிப்பீங்க!"

"சரி சார்."

"யோவ், விடுய்யா!"

"முடியாது."

சொன்ன பிறகுதான் அந்தச் சொல் தன் வாயிலிருந்து வந்தது கபிரியேலுக்குத் தெரிந்தது. மச்சினனுக்குக் கை ஓய்ந்தது. துடுப்பை மடியில் வைத்துவிட்டான். "மாமா, விடுங்க மாமா, தோள்பட்டை கழண்டுருச்சு," என்றான். தயாபரன் தனியாகப் பத்து வீச்சுப் போட்டார். படகு பின்முனை முன்னாலாக, கடல் பக்கம் நகர்ந்தது. அவர் திட்டைப் பார்த்து உட்கார்ந்தபடியே திட்டை விட்டு விலகிப் போனார்.

முப்பது. நாற்பத்தைந்து. அறுபது.

அறுபதில் பிரகாசி துடுப்பை நிறுத்தினார். ஆலாக்கள் ஒவ்வொன்றாக இறங்கின. கடைசிப் பறவையும் மணலில் உட்கார எவ்வளவு நேரம் ஆகிறது என்று கடிகாரத்தைப் பார்த்தார். நான்கு நிமிஷம். அதுவரை யாரையும் நகர விடவில்லை.

மத்தியானம் உப்பங்கழிக்குள் இன்னும் மூன்று மணி நேரப் பயணம் பாக்கி இருந்தது. கரை ஏறியதும் தயாபரன் அதை ரத்து செய்தார். எல்லாரையும் வேனில் ஏறச் சொன்னார். தகப்பன் மகளை இழுத்துக்கொண்டு ஏறினார். நர்ஸ் பெண்கள் பிரகாசியின் கையைப் பிடித்து அழுத்திவிட்டு ஏறினார்கள்.

"இந்தக் கரைக்கு இனி என் வேன் வராது," என்றார் தயாபரன். "படகைக் கவுத்துப் போட்டுக் கோழி வளருங்க."

"கோழி முட்டை போடுறப்ப நீங்க வராம இருந்தாப் போதும்," என்றார் மெய்யம்மை ஆச்சி. "நாங்க பஸ்ல வர்றோம். உப்பங்கழியைப் பார்க்காம நான் ஊருக்குப் போறதா இல்லை."

"சாப்பாடு வேன்லல்ல இருக்கு?" என்றார் சாத்தப்பன்.

வேன் போய்விட்டது. ஆறு பேர் போனார்கள். நான்கு பேர் நின்றார்கள்.

பிரகாசி வீட்டிலிருந்து கொண்டுவந்த சோற்றை நான்காகப் பிரித்தார். கபிரியேல் சாப்பிடவில்லை. ஆச்சியும் கணவரும் கை கழுவப் போனபோது, இடுப்புக் கயிற்றை அவிழ்த்துச் சுருட்டிப் பிரகாசியின் முன்னால் வைத்தார்.

"அந்தாளு காலையிலேயே என்கிட்ட கேட்டான் தங்கச்சி. நான் முடியாதுன்னு சொல்லலை."

"ம்."

"ஆலா விழுறதைப் பார்த்துப் பழைய கை திரும்புச்சா, இல்லை அவன் சொன்னதுக்காக நானே திருப்பினேனா, எனக்கே விளங்கலை. எத்தனை தடவை யோசிச்சாலும் விளங்கலை."

பிரகாசி கயிற்றை எடுத்து மணலை உதறினார். ஒரு முடிச்சு இறுகியிருந்தது. பல்லால் கடித்து இளக்கினார்.

"உள்ளங்கையைக் காட்டுங்க," என்றார்.

கபிரியேல் காட்டினார். இரண்டு கையிலும் தோல் உரிந்திருந்தது. பிரகாசி தன் கையையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தார். அவருக்கும் அப்படித்தான் இருந்தது. பிறகு கயிற்றைக் கபிரியேலின் இடுப்பில் சுற்றிக் கட்டினார்.

"மத்தியானமும் முன்படகு நீங்கதான் அண்ணே."

"புரியாமப் பேசுறீங்க தங்கச்சி. இருந்தது அறுபது. அதுல நாப்பத்தொண்ணை நான் தின்னுட்டேன்."

"மிச்சம் பத்தொன்பது," என்றார் பிரகாசி.