நனைந்த நாய் நீர்நாய் ஆகுமா?

மருந்து முந்திவிட்டது. குறி பிந்திவிட்டது. தவிடு என்ற நாய் தீவுக்குள் கால் வைக்க முடியாமல் போனதற்குக் காரணம் இவ்வளவுதான்.

புங்கங்காட்டுக் குளத்தில் அயிரை என்றொரு நீர்நாய் இருந்தது. அது ஒரு நாயை வளர்த்தது. கரையில் கத்திக்கொண்டு கிடந்த குட்டியைத் தூக்கிவந்து, மீனை மென்று ஊட்டி ஆளாக்கியது. தவிட்டு நிறம், அதனால் தவிடு என்று பேர். நீர்நாய் போய் நாய் வளர்ப்பதா என்று காடே சிரித்தது. சிரித்தால் சிரிக்கட்டும் என்று விட்டுவிட்டது அயிரை.

அந்த வருஷம் மழை ஏமாற்றிவிட்டது. குளம் வற்றத் தொடங்கியது. மற்ற நீர்நாய்கள் எல்லாம் உப்பங்கழியை நீந்திக் கடந்து இலுப்பைத் தீவுக்குக் குடிபோய்விட்டன. அங்கே வற்றாத தாமரைக் குளம் உண்டு. நீர்நாய் போகலாம், தடையில்லை. நாய் போவதென்றால்தான் தொல்லை. அந்தத் தீவில் வெறிநோய் கிடையாது. அதனால் நாய்க்கென்று தனிச் சட்டம்!

"தவிட்டை விட்டுட்டு நான் போக மாட்டேன். சட்டம் என்னன்னு கேட்டுட்டு வா" என்று சொக்கியை அனுப்பியது அயிரை.

சொக்கி ஒரு மைனா. வாய் ஓயாது. பாதி கேட்டதுமே மீதி தெரியும் என்று கிளம்பிவிடும்.

தீவின் துறையில் ஓர் உடும்பு காவல் இருந்தது. அது நிறுத்தி நிதானமாகச் சொன்னது: "நாய்க்குக் குறி போட்டு மருந்து போடணும். மருந்து போட்டு ஒரு பௌர்ணமி காத்திருக்கணும். அதுக்கப்புறம் கூட்டிட்டு வரணும்."

சொக்கி திரும்பி வந்து அயிரையிடம் சொன்னது: "மருந்தும் குறியும் வேணுமாம் அக்கா! ஒரு பௌர்ணமி போகணுமாம். அவ்வளவேதான்!"

உடும்பு சொன்னது 'போட்டு'. சொக்கி சொன்னது 'உம்'. எது முதலில், எது அடுத்து என்பது அந்தச் சின்னச் சொல்லில்தான் இருந்தது. அதை வழியிலேயே தொலைத்துவிட்டது மைனா.

குறி என்றால் மரங்கொத்தி காதில் கொத்தும் மூன்று புள்ளி. இது இன்ன நாய் என்று காட்டும் அடையாளம். மருந்து என்றால் முள்ளம்பன்றி வைத்தியர் தம் முள்ளில் மூலிகைச் சாறு தோய்த்து ஒரு குத்துக் குத்துவார். வெறிநோய் அண்டாது.

மரங்கொத்தி அப்போது ஊரில் இல்லை. வைத்தியர் இருந்தார்.

"முதல்ல ஊசியை முடிச்சிடலாம் அக்கா. குறி எங்கே ஓடிப்போகுது?" என்றது சொக்கி.

வைத்தியர் தூக்கக் கலக்கத்தில் இருந்தார். நாயின் காதைத் தடவிப் பார்த்தார். "குறி எங்கே?" என்றார்.

"அது பின்னாலேயே வருது வைத்தியரே! நீங்க குத்துங்க!"

அவர் குத்தினார். தவிடு 'வீல்' என்றது. குத்திய முள்ளை ஒடித்து அயிரையின் கையில் கொடுத்தார். "துறையில இதைக் காட்டணும். பத்திரமா வச்சுக்கோ" என்று சொல்லிவிட்டு மறுபடி படுத்துக்கொண்டார்.

குறி இருந்திருந்தால் அதே குறியை அந்த முள்ளில் கீறிக் கொடுத்திருப்பார். குறிதான் இல்லையே! முள் மொட்டையாக இருந்தது. அதை யாரும் கவனிக்கவில்லை.

பிறகு மரங்கொத்தி வந்தது. காதில் மூன்று புள்ளி கொத்தியது. பௌர்ணமியும் போயிற்று. பனங்கட்டை இரண்டைக் கொடியால் சேர்த்துக் கட்டினார்கள். "நாய் நிக்கணும், திரும்பணும், படுக்கணும். அவ்வளவு இடம் இல்லைன்னா சேத்துக்க மாட்டாங்க" என்றது சொக்கி. இதை மட்டும் ஒழுங்காகக் கேட்டிருந்தது.

தவிடு கட்டைமேல் ஏறி உட்கார்ந்தது. அயிரை கொடியைப் பல்லில் கவ்விக்கொண்டு நீந்தியது. சொக்கி தவிட்டின் தலைமேல் உட்கார்ந்து ஊர்க்கதை பேசிக்கொண்டே வந்தது.

பாதிக் கழியில் ஒரு கூழைக்கடா எதிரே மிதந்து வந்தது.

"நாயா? தீவுக்கா? வைத்தியர் முள் இருக்கா?" என்று கேட்டது.

"இருக்கே!" என்று அயிரை பெருமையாகக் காட்டியது.

கூழைக்கடா பார்த்தது. அதன் தாடைப் பை தொங்கிவிட்டது.

"மொட்டை முள்ளு! குறிக்கு முன்னாடியே மருந்தைப் போட்டுட்டீங்களா? இது செல்லாதே! திரும்பிப் போயிடுங்க. அந்த உடும்பு பிடிச்சா விடாது."

அயிரைக்குத் திக்கென்றது. பிடித்திருந்த கொடி நழுவியது.

"சொக்கி! நீ என்ன கேட்டுட்டு வந்தே?"

"எல்லாந்தான் போட்டாச்சே! முன்னே என்ன, பின்னே என்ன? இட்லிக்கு முன்னாடி சட்னியைத் தின்னா வயிறு வேண்டாங்குதா?" என்றது சொக்கி. ஆனால் குரலில் சுருதி இறங்கியிருந்தது.

அயிரை திரும்பிப் பார்த்தது. பின்னால் காய்ந்த காடு. குளத்தில் சேறுதான் மிச்சம். இன்னொரு பௌர்ணமி அங்கே தாக்குப்பிடிக்க முடியுமா? முன்னால் தீவு, பச்சைப் பசேல் என்று. தாமரை மணம் மூக்கைத் துளைத்தது.

சொக்கி துள்ளியது. "ஐயோ அக்கா, வழி இருக்கு! நாய்க்குத்தானே சட்டம்? நீர்நாய்க்கு இல்லையே!"

"அதனால?"

"தவிட்டைத் தண்ணியில முக்கு! நனைஞ்ச நாய் நீர்நாய்தானே!"

அயிரை ஒரு கணம் யோசித்தது. அந்த ஒரு கணத்தில் அறிவு எங்கே போயிற்றோ தெரியாது. தவிட்டைப் பிடித்து இரண்டு முக்கு முக்கியது. ரோமம் ஒட்டிக்கொண்டது. அடியில் முங்கிச் சேறு அள்ளிவந்து வாலைக்கூட மெழுகியது.

"தவிடு, இனிமே நீ நீர்நாய். கேட்டா அப்படித்தான் சொல்லணும்."

"சரிம்மா" என்றது தவிடு. அம்மா சொன்னால் சரி. அதற்கு அவ்வளவுதான் தெரியும்.

துறைக்கு வந்தார்கள். உடும்பு பாறைமேல் படுத்திருந்தது. ஒரு கண்ணை மட்டும் திறந்தது.

"யாரு?"

"நீர்நாய் ரெண்டு, மைனா ஒண்ணு!" என்று முந்திக்கொண்டது சொக்கி.

"அந்த ரெண்டாவது நீர்நாய்க்குக் கால் இவ்வளவு நீளமா?"

"வளர்ற பிள்ளை!"

"காதுல என்ன மூணு புள்ளி?"

"மீன் முள்ளு குத்தினது!"

"மூணு முள்ளு, ஒரே வரிசையில!" உடும்பு இரண்டாவது கண்ணையும் திறந்தது. "நீ யாருப்பா?" என்று தவிட்டையே கேட்டது.

தவிடு வாலை ஆட்டியது. "நான் நீர்நாய்!"

"அப்படியா? சந்தோஷம். இதோ இங்கே ஆழம். முங்கி ஒரு மீன் பிடிச்சுக் காட்டு. நீர்நாய்க்கு இது ஒரு வேலையா?"

அயிரை வாயைத் திறப்பதற்குள் தவிடு குதித்துவிட்டது!

தண்ணீர் வட்டமிட்டது. குமிழி வந்தது. இன்னும் குமிழி வந்தது. பிறகு குமிழியும் வரவில்லை.

 சொக்கியின் வாய் அன்றைக்குத்தான் முதல்முறையாக மூடியது.

"தவிடு!" என்று அலறிக்கொண்டு பாய்ந்தது அயிரை. அடியில் பாசி, கோரை, கலங்கல். தவிடு கோரைக்குள் சிக்கிக் கிடந்தது. பிடரியைக் கவ்வி இழுத்துக் கரையில் போட்டது. வயிற்றை அமுக்கியது. முகத்தை நக்கியது. அசைவில்லை. மறுபடி அமுக்கியது. தவிட்டின் வாயிலிருந்து தண்ணீர் கொடகொடவென்று கொட்டியது. இருமியது. கண்ணைத் திறந்தது.

"ஏண்டா குதிச்சே? உனக்கு முங்கத் தெரியாதே, பாவி!" என்று கத்தியது அயிரை.

"நீதானேம்மா சொன்னே, நான் நீர்நாய்னு" என்றது தவிடு.

அயிரை இடி விழுந்தாற்போல் உட்கார்ந்துவிட்டது. சட்டம் கொல்லப் பார்க்கவில்லை, உடும்பும் கொல்லப் பார்க்கவில்லை. தன் வாயிலிருந்து வந்த ஒரு சொல், தான் வளர்த்த பிள்ளையைத் தண்ணீருக்குள் தள்ளியிருக்கிறது!

"இவன் நாய்தான். நான்தான் பொய் சொன்னேன்" என்று உடும்பிடம் சொல்லிவிட்டு, மொட்டை முள்ளை அதன் முன்னால் வைத்தது.

உடும்பும் ஆடித்தான் போயிருந்தது. நாயென்று தெரிந்துதான் அது கேட்டது. ஒப்புக்கொள்வார்கள் என்று நினைத்ததே தவிர, குதிக்கும் என்று நினைக்கவில்லை. தொண்டையைக் கனைத்துக்கொண்டு முள்ளைப் புரட்டிப் பார்த்தது.

"செல்லாது."

"இவனுக்குப் போட்ட மருந்துதான்யா! என் கண்ணால பார்த்தேன்!"

"குறி இல்லாத நாய்க்குப் போட்ட மருந்து எந்த நாய்க்குப் போட்டதுன்னு யாருக்குத் தெரியும்? வேற ஒண்ணுக்குப் போட்டுட்டு இவனைக் கூட்டிட்டு வரலாமில்ல?"

"நான் அப்படிப்பட்டவ இல்லை!"

"இப்பத்தான் நாயை நீர்நாய்னு சொன்னே."



உடும்பு திரும்பித் தன் வாலைக் காட்டியது. பாதி வால்தான் இருந்தது. "முன்னே ஒரு நாய் வந்துச்சு. பாவமா நின்னுச்சு. விட்டோம். அது கடிச்ச மான் ஒவ்வொண்ணும் தாமரைக் குளத்துக் கரையில நின்னு, தண்ணியைக் குடிக்க முடியாம நடுங்கி நடுங்கிச் செத்துது. நிறை குளம்மா! முன்னாலே நிறை குளம்! என்னையும் கடிச்சுது. எங்க இனத்துக்கு அந்த நோய் தொத்தாது. அதனாலதான் என்னை இங்கே உக்கார வச்சிருக்காங்க."

உடும்பு மொட்டை முள்ளை அயிரையிடமே தள்ளிவிட்டது.

"நீ உள்ளே வரலாம். உனக்குத் தடையில்லை. அவன் திரும்பணும். இந்தக் குறியோட மறுபடி மருந்து, மறுபடி ஒரு பௌர்ணமி. அப்புறம் வரட்டும்."

தவிடு எழுந்து நின்றது.  "நீ போம்மா. உனக்கு அங்கே தண்ணி இல்லை. நான் இருந்துட்டு வரேன்" என்றது.

"கட்டையில ஏறுடா" என்றது அயிரை.  கொடியைக் கவ்விக்கொண்டது. தாமரைக் குளத்தைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை.

சொக்கி முன்னால் பறந்துபோய் வைத்தியரை எழுப்பியது. இந்தத் தடவை அவர் நன்றாக விழித்துக்கொண்டார். காதைத் தடவினார். மூன்று புள்ளி. எண்ணிப் பார்த்துவிட்டுக் குத்தினார். முள்ளை ஒடித்து, மூன்று புள்ளி கீறிக் கொடுத்தார்.

"போன தடவை குறி எங்கேன்னு கேட்டேன். பதிலை வாங்கியிருக்கணும். வாங்காம குத்தினது என் தப்பு" என்றார்.

"பதில் சொன்னது என் தப்பு" என்றது சொக்கி. சுருக்கமாகவே சொன்னது.

அடுத்துக் காத்திருக்க வேண்டும். அதுதான் கஷ்டம். குளத்துச் சேறும் காய்ந்து வெடித்தது. நீர்நாய் தண்ணீரில்லாமல் எத்தனை நாள் இருக்கும்? அயிரையின் தோல் பொருக்குத் தட்டியது. கண் சொருகியது. "கழியில போய்க் கிட" என்று சொக்கி கெஞ்சியது. உப்புத் தண்ணீரில் கிடக்கலாம், குடிக்க முடியுமா?

தவிடு யாரையும் கேட்கவில்லை. குளத்தின் நடுவில் இறங்கியது. முன்னங்காலால் மண்ணைப் பறித்தது. பறித்துக்கொண்டே இருந்தது. நகம் பிய்ந்தது. வெயில் ஏறியது. வைத்தியர் வந்து பார்த்துவிட்டு, "என்னடா, புதையலா?" என்றார். தவிடு தலை நிமிரவில்லை. மண் ஈரமாயிற்று. பிறகு குழியின் அடியில் மெல்ல ஊறியது நல்ல தண்ணீர்! அயிரையை இழுத்துவந்து அதில் உட்கார வைத்தது.

மறுநாள் ஊற்று கீழே இறங்கியது. தவிடும் கீழே தோண்டியது. அது இறங்க இறங்க இதுவும் விடவில்லை. பௌர்ணமிவரை இப்படியே போயிற்று. அயிரை பிழைத்தது.

மறுபடி கட்டையில் ஏறித் துறைக்கு வந்தார்கள். உடும்பு காதைப் பார்த்தது. மூன்று புள்ளி. முள்ளைப் பார்த்தது. மூன்று புள்ளி.

"எது முந்தி?" என்று தவிட்டைக் கேட்டது.

"காது முந்தி, அப்புறம் ஊசி. அதுக்கப்புறம் நிறைய மண்ணு!" என்றது தவிடு.

உடும்பு பிய்ந்த நகங்களைப் பார்த்தது. பாறையைவிட்டு நகர்ந்து வழிவிட்டது. "நாய்தான். உள்ளே வா" என்றது.

வேண்டியவர்களை எப்படியாவது கரை சேர்க்க நினைத்துப் பொய்யில் ஏற்றினால் அவர்கள்தான் முதலில் மூழ்குவார்கள், செய்ய வேண்டியதை முறைப்படி செய்து பொறுத்திருந்தால்தான் எல்லோரும் கரை சேரலாம். பெரியவர்கள் மூன்று பேரும் சேர்ந்து கெடுத்த காரியத்தை அப்படிப் பொறுத்திருந்து, மண்ணைத் தோண்டி நேராக்கியது தவிடு.