அடுப்பு நெருப்பைத் திருப்பிக் கொடுத்தவள்

முன்னொரு காலத்தில், கொசுவைக்கூட மன்னிப்புக் கேட்டுவிட்டுத்தான் அடிப்பார்கள் என்னும்படியான ஒரு மரியாதைக்கார நாட்டில், ஒரு ராஜா இருந்தார். அவருக்குப் புதிதாக ஒரு முத்திரை செய்து வந்தது. தேங்காய் அளவு என்று சொன்னால் நம்ப மாட்டீர்கள்; சரி, தேங்காயைவிடச் சற்றுப் பெரியது என்றே வைத்துக்கொள்ளுங்கள். ராஜாவுக்கு அதைக் குத்திக் குத்தி ஆசை தீரவில்லை. ஓலையில் குத்தினார், தலையணையில் குத்தினார், மத்தியானச் சாப்பாட்டில் அப்பளத்தின்மேல் குத்தினார். அப்பளம் தாங்கவில்லை.

மறுநாளே கட்டளை பிறந்தது. வீடு, நிலம் பற்றிய ஓலை எதுவானாலும் அரண்மனை முத்திரை வேண்டும். இல்லாவிட்டால் அது வெறும் ஓலை. அதில் ஓர் எழுத்தையும் சபையில் படிக்கக் கூடாது. முப்பாட்டன் காலத்து ஓலைக்கும் இதே கதிதான்.

முத்திரைக்குக் காவலர் தாண்டவநம்பி. அரண்மனை விகடன் பூச்சியப்பனைக் கண்டால் இவருக்கு ஆகாது. பூச்சியப்பன் பேச்சுக்கு ராஜா ஒருமுறை சிரித்தால் நம்பிக்கு ஒரு வேளைச் சோறு இறங்காது. ராஜாவோ நாளைக்கு நாற்பது முறை சிரிப்பவர். நம்பி மூங்கில் குச்சியாக இளைத்துப்போயிருந்தார்.

இந்தச் சமயத்தில்தான் சடைச்சி என்பவள் சபைக்கு வந்தாள். புருஷன் செத்து ஒரு வருஷம். மூன்று பெண் பிள்ளைகள். கிணற்றோடு சேர்ந்த மூன்று வயல்தான் சோறு போட்டது. அதை அவள் புருஷனின் அண்ணன் வீரணன் வளைத்துக்கொண்டான். பதினாறு வருஷத்துக்கு முன் அண்ணனும் தம்பியும் பாகம் பிரித்து ஆளுக்கொரு ஓலை எழுதிக்கொண்டார்கள். எழுதியதெல்லாம் சரிதான், முத்திரைதான் இல்லை. சாட்சிக் கையெழுத்துப் போட்ட நால்வரும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். வீரணன் சத்தியம் பண்ணாத குறையாகச் சொன்னான்: பாகமே பிரிக்கவில்லை, ஓலை என்ற ஒன்றைத் தான் கண்ணாலும் கண்டதில்லை, மூத்தவன் என்ற முறையில் எல்லாம் தன் பொறுப்பு.

பூச்சியப்பன் அவளுக்காக ஒரு வார்த்தை பேச வாயெடுத்தான். நம்பி பிடித்துக்கொண்டார்.

"மகாராஜா, விகடருக்கு இவ்வளவு பரிவு இருந்தால் அவரே நிரூபிக்கட்டும். ஓலையில் ஓர் எழுத்தும் படிக்காமல், சாட்சி ஒருவரையும் அழைக்காமல், ஏழு நாளில். முடியாவிட்டால் ஆயுள் முழுவதும் என் முத்திரைக்கு அரக்கு உருக்கட்டும்."

ராஜாவுக்கு வேடிக்கை என்றால் வெல்லக்கட்டி. சரி என்றார். சபையே பூச்சியப்பன் முகத்தைப் பார்த்தது. அவனோ ஒரே போடாக நம்பி பக்கம் சாய்ந்துவிட்டான்.

"நம்பியார் சொல்வதே நியாயம். ஓலை செல்லாது. ஆகவே பாகம் பிரியவில்லை. இது ஒரே குடும்பம், ஒரே வீடு, ஒரே அடுப்பு. இதையே தீர்ப்பாக எழுதித் தாங்கள் முத்திரை குத்த வேண்டும், மகாராஜா."

குத்த வேண்டும் என்ற சொல் காதில் விழுந்ததுதான் தாமதம், ராஜா குத்திவிட்டார். வீரணன் வாயெல்லாம் பல்லாக வீடு போனான். சடைச்சி அழுதுகொண்டே வெளியே வந்தாள். பூச்சியப்பன் அவளை வழிமறித்து, அவள் காதில் கொஞ்ச நேரம் பேசினான். அழுகை நின்றது.

அந்த ஊர்ப் பக்கம் ஒரு வழக்கம். பாகம் பிரிந்து போகிறவர்கள் குடும்பத்துப் பெரிய வீட்டு அடுப்பிலிருந்து ஒரு சட்டி நெருப்பு எடுத்துப்போய்த்தான் தனி அடுப்பு மூட்டுவார்கள். மறுநாள் விடிந்தபோது சடைச்சி நெருப்புச் சட்டியோடு வீரணன் வாசலில் நின்றாள். பின்னால் மூன்று பிள்ளைகள், காது கேளாத அவள் அம்மா, இரண்டு காளைகள், இருபத்தேழு ஆடுகள். எழுபத்திரண்டு என்பார்கள் சிலர். நான் எப்போதும் அடக்கித்தான் சொல்வேன்.

"மச்சான், அன்னைக்கு இந்த அடுப்புல எடுத்த நெருப்பு. திருப்பிக் கொண்டாந்துட்டேன். இனி நமக்கு ஒரே உலைதான்," என்று நேரே அடுக்களைக்குள் போய்விட்டாள்.

விரட்டலாம் என்றால் அவள் இடுப்பில் முத்திரை குத்திய தீர்ப்பு. மூன்றே நாளில் வீரணனின் குதிர் தரை தட்டியது. காளைகள் களத்து வைக்கோலைக் காலி செய்தன. கிழவிக்குக் காது கேட்காததால் ராத்திரியும் பகலும் அவன் கத்தித்தான் பேச வேண்டியிருந்தது. கூடத்து ஊஞ்சலில் தாடிக்கிடா ஒன்று ஏறிப் படுத்துக்கொண்டு, அவன் பக்கத்தில் வந்தாலே முட்ட வந்தது. அந்த ஊஞ்சல் அவன் உயிர்.

நாலாம் நாள் வீரணன் சபைக்கு ஓடி வந்தான். சடைச்சியும் அசராமல் பின்னாலேயே வந்தாள், தாடிக்கிடாவைக் கையில் பிடித்துக்கொண்டு.

"மகாராசா, அது என் வீடுங்க. பாகத்துல எனக்குன்னு வந்த வீடு. பதினாறு வருசமா தனி அடுப்பு. இவ எப்படி உள்ள வரலாம்?"

நம்பி கண்ணைக் காட்டினார், தொண்டையைச் செருமினார், குறுக்கே கையை ஆட்டினார். வீரணன் எதையும் பார்க்கவில்லை. இடுப்பு மடிப்பிலிருந்து தன் பங்கு ஓலையை உருவினான். கண்ணாலும் காணாத ஓலை!

பூச்சியப்பன் காதைப் பொத்திக்கொண்டான். "அபசாரம். முத்திரை இல்லாத ஓலையைப் படிக்கலாமா?"

"படிக்க வேணாங்க, எனக்கு மனப்பாடம்," என்றான் வீரணன். கண்ணை மூடிக்கொண்டு ஒப்பித்தான். "மேற்கே பெரிய வீடு, களம், ரெண்டு புளியமரம் மூத்தவன் வீரணனுக்கு. கெணறும் கெணத்தடி மூணு வயலும் இளையவனுக்கும் அவன்..."

அங்கே நின்றான். கண்ணைத் திறந்தான்.

"வாரிசுகளுக்கும்," என்று முடித்துவைத்தாள் சடைச்சி.

ராஜா சிரித்த சிரிப்பில் அரண்மனைப் புறாக்கள் பக்கத்து நாட்டுக்குக் குடிபோயின. கிணறும் வயலும் சடைச்சிக்கே என்று தீர்ப்பானது. கட்டளையும் மாறியது: முத்திரை இல்லாத ஓலை தானே நிலத்தைக் கொடுத்துவிடாது, ஆனால் யார் எங்கே எப்படிப் பிரிந்து வாழ்ந்தார்கள் என்று சொல்ல வந்தால் அதன் வாயைப் பொத்தக் கூடாது. நம்பி முத்திரையைத் தலையில் சுமந்து ஊர் ஊராகப் போய்க் குத்திக் கொடுக்க வேண்டும். முதல் குத்து சடைச்சியின் ஓலைக்கு. அன்று சாயங்காலமே அவள் அதே அடுப்பிலிருந்து இரண்டாம் முறையாக நெருப்பெடுத்துப் போனாள்.

பூச்சியப்பனுக்கு ஒரு வெற்றிலைத் தோட்டம் பரிசு என்று ராஜா எழுதிக் கொடுத்தார். அவன் ஓலையை முன்னும் பின்னும் திருப்பிப் பார்த்தான். பிறகு மெல்லத் தாடிக்கிடாவின் வாயருகே நீட்டினான்.

"என்ன காரியம் செய்கிறாய்?" என்றார் ராஜா.

"முத்திரை குத்தத் தாங்கள் மறந்துவிட்டீர்கள், மகாராஜா. வெறும் ஓலைதானே. கிடா, பாவம், பசியோடு நிற்கிறது."

ராஜா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தபடியே முத்திரையைத் தூக்கி ஓலையில் ஒரு குத்து குத்தினார். கை அடங்காமல், கிடாவின் கொம்பிலும் ஒன்று குத்தினார்.