ஆட்காட்டி கொப்பை விட்டு இறங்கிய கதை

எந்த மரம் யாருடையது என்று எல்லாப் பறவைகளுக்கும் தெரிந்திருந்த, அதைப் பற்றி அவை வாய்விட்டுப் பேசிக்கொண்ட அந்தக் காலத்தில், ஒரு தீவில் ஆட்காட்டிக் குருவிகள் மரத்தில்தான் குடியிருந்தன. தீவின் நடுவே நின்ற பெரிய இலுப்பை அவற்றுடையது.

அவற்றிடம் ஒரு வழக்கம் இருந்தது. விருந்தாளி வந்தால் கொப்பை விட்டுக்கொடுத்துத் தரையில் இறங்கி நிற்கும். விருந்தாளி விடைபெற்ற பிறகுதான் திரும்ப ஏறும். நல்ல விருந்தாளிகளுக்கு ஏற்ற வழக்கம்தான்.

ஒருநாள் அக்கரையிலிருந்து நாரைகள் வந்தன.

"களைச்சுப் போனம். கொஞ்சம் இளைப்பாறிட்டுப் போறம்," என்றது தலைமை நாரை.

ஆட்காட்டிகள் இறங்கின. நாரைகள் விடைபெறவே இல்லை. கூடு கட்டின, குஞ்சு பொரித்தன, இலுப்பைக்குக் காகங்களைக் காவல் வைத்தன. கீழே காத்திருந்தவை, மரம் திரும்பக் கிடைக்கும் வரைக்கும் என்று புல்லுக்குள் கூடு கட்டின. அவை செத்துப்போக, அவற்றின் பிள்ளைகள் காத்திருந்தன. பேரப்பிள்ளைகளுக்கு எதற்காக நிற்கிறோம் என்பதே பாதி மறந்துபோயிற்று.

கடைசியில் நாரைகள் சொல்லாமல் கொள்ளாமல் பறந்து போயின. முட்டையிடும் நாள் நெருங்கிய ஒரு தாய் ஆட்காட்டி அண்ணாந்து பார்த்தாள். கொப்பெல்லாம் காகங்கள் இருந்தன.

"இது எங்கட மரம். விருந்தாளியள் போயிட்டினம். நாங்கள் இனி ஏறவேணும்," என்றாள்.

"ஆர் சொன்னது?" என்றது மூத்த காகம். "நான் கண்ட நாள் தொட்டு நீங்கள் நிலத்திலைதான் நிக்கிறியள். மரத்துப் பறவை எண்டால் ஏறி இருந்து காட்டு, பாப்பம்."

அவள் பறந்து போய்க் கொப்பில் கால் வைத்தாள். பிடி கிடைக்கவில்லை. தலைமுறை தலைமுறையாகத் தரையில் நின்றதில் பின்விரல் தேய்ந்து போயிருந்தது. மறுபடியும் வைத்தாள், மறுபடியும் வழுக்கி விழுந்தாள். காகங்கள் சிரித்தன. இன்னொரு முறை ஏற அவளிடம் தெம்பு இல்லை.

"நிலத்துப் பறவைதானே, வேற எங்கையாவது போய் நில்லன்," என்றது காகம்.

அவளுக்கு அழுகைகூட வரவில்லை. அவ்வளவு அலுத்துப் போயிருந்தாள். ஆனாலும் போகவில்லை. இலுப்பையின் அடியிலேயே கூழாங்கற்களை ஒதுக்கி, வெறுந்தரையில் முட்டையிட்டாள்.

"கொப்பை விட்டம். இந்த நிலத்தையும் விட்டால் நாங்கள் ஆர்?" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள்.

அன்று பின்னேரம் யாரோ நடந்து வரும் சத்தம் கேட்டது. களைத்துப் போன விருந்தாளியாகவும் இருக்கலாம். அவள் எழும்பிப் பறந்து, தீவே கேட்கும்படி கத்தினாள்: "ஆர் வாறது? ஆர் வாறது?"

ஆட்காட்டி மரத்தில் இருக்காமல் வெறுந்தரையில் முட்டையிடுவதும், வருவது யாரானாலும் ஓயாமல் அதையே கேட்டுக் கத்துவதும் அன்று தொடங்கியதுதான்.