அரசி நீட்டிய கவளம்

வேலங்காட்டு இளவரசனை வெட்டிவிட்டு, அவன் தங்கைக்குத் தாலி கட்டினான் அரசன் மாறையன். மூன்று வருஷமாக அவள் அவனிடம் பேசவில்லை. மனைவியின் மனம் இளக வடமொழிக் காம சாத்திரத்தில் வழி இருக்குமென்று நம்பி, அதைத் தமிழில் சொல்லும்படி பண்டிதர்களுக்கு உத்தரவிட்டான். அப்படியொரு வழி அதில் இல்லையென்ற இருவரைக் கழுவேற்றினான். அவர்களிடம் ஏடு துடைத்தபடியே வடமொழி கற்ற செம்பாயியை அடுத்து இழுத்து வந்தார்கள்.

"இருக்கு மகாராஜா," என்றாள் செம்பாயி. "அரசி பிசைஞ்சு தர்ற சோத்தை, முன்னால யாரும் ருசி பார்க்காம நீங்க சாப்பிடணும். அங்கதான் ஆரம்பம்."

சபை பார்க்க அரசி ஒரு கவளம் நீட்டினாள். மாறையன் அவள் கையைப் பார்த்தான், கண்ணைப் பார்த்தான். கவளத்தை வாங்க வாய் திறக்கவில்லை. அரசி அதைத் தன் வாயிலேயே போட்டு, மெதுவாக மென்று விழுங்கினாள்.

செம்பாயி சுவடியைக் கட்டினாள். "என்னைக்கு நீங்க சாப்பிடுறீங்களோ, அன்னைக்கு மிச்சத்தைச் சொல்றேன் மகாராஜா."