நின்ற பனிக்குள் போன இருவாச்சி

மலைக்காட்டில் வேம்பன் என்ற ஆண் இருவாச்சிப் பறவை வாழ்ந்தது. அவனுடைய மனைவி மருதாயி. அவள் ஒரு பெரிய மரத்தின் பொந்துக்குள் குஞ்சு பொரித்திருந்தாள்.

இருவாச்சிகளின் வழக்கமே தனி. பெண் பறவை பொந்துக்குள் போய் வாசலைச் சேற்றால் பூசி அடைத்துக்கொள்ளும். அலகு நுழையும் அளவுக்கு ஒரு பிளவு மட்டும் இருக்கும். உள்ளே அதன் இறகுகள் உதிர்ந்துவிடும், பறக்க முடியாது. ஆண் பறவைதான் பழம் கொண்டுவந்து பிளவு வழியாக ஊட்ட வேண்டும். அது வராவிட்டால் உள்ளே இருப்பவர்கள் கதி அவ்வளவுதான்.

அந்த வருஷம் மழை பொய்த்துவிட்டது. அத்திப்பழத்துக்காக வேம்பன் மலை தாண்டி மலை பறந்தான். இறக்கை வலித்தது. போதாக்குறைக்குக் குஞ்சு வேறு எப்போதும் பசி பசி என்று கத்தியது.

ஒரு காலையில் மரநாய் ஒன்று அவனிடம் வந்தது. பறவைக் குஞ்சு என்றால் அதற்கு உயிர். இத்தனை நாளும் அந்தப் பொந்தைத்தான் நோட்டம் விட்டுக்கொண்டிருந்தது.

"பாவம் வேம்பா, இளைச்சுப் போயிட்டியே! பள்ளத்தாக்குல நின்ற பனி இருக்குல்ல? அதுக்குள்ள ஒரு அத்திமரம் பழமாத் தொங்குது. பக்கத்துல இருக்கிறதை விட்டுட்டு ஏன் இப்படி அலையுற?" என்றது.

ஆடு நனைகிறதே என்று ஓநாய் அழுத கதைதான். வேம்பனுக்கு அது புரியவில்லை.

நின்ற பனி என்றால் அந்தக் காட்டில் யானைக்கும் குலை நடுங்கும். எந்த வெயிலுக்கும் கலையாத வெள்ளை மூட்டம் அது. உதிர்ந்த இலை அதற்குள் தரைக்கு வராமல் அந்தரத்தில் நிற்கும். ஒருமுறை ஒரு யானைக்குட்டி அதற்குள் ஓடியது. அது திரும்பி வந்தபோது குட்டியாகவேதான் இருந்தது. வெளியே காத்திருந்த தாயின் எலும்புகளில் புல் முளைத்திருந்தது.

வேம்பன் பிளவருகே வந்து விஷயத்தைச் சொன்னான்.

"வேண்டாங்க," என்றாள் மருதாயி. "அரை வயிறு போதும். அங்க மட்டும் போகாதீங்க. எனக்குப் பயமா இருக்கு."

"யானைக்குட்டி விளையாடிட்டு நின்னிருக்கும். நான் என்ன தங்கவா போறேன்? தொண்டை நிறைஞ்சதும் வந்துடுவேன். ஒரு நிமிஷம்."

பக்கத்துக் கிளையில் இருந்த மலையணில் பதறியது. "உள்ள ஒரு நிமிஷம்னா வெளிய எவ்வளவுன்னு யாருக்கும் தெரியாது, வேம்பா."

"உன் வேலையைப் பாரு," என்று சொல்லிவிட்டுப் பறந்தான். புத்தி சொன்னால் பிடிக்காத ஜென்மங்கள் எல்லாக் காட்டிலும் உண்டு.

பனிக்குள் ஒரு சத்தமும் இல்லை. ஒரு தேனீ பறந்தபடியே அசையாமல் நின்றது. வேம்பனின் முதுகுச் சிறகெல்லாம் சிலிர்த்தது. ஆனால் மரம் முழுக்கச் சிவந்த பழம்! அவன் பறித்துப் பறித்துத் தொண்டையில் அடக்கினான். பனியின் ஓரம் இருண்டது, வெளுத்தது, மறுபடி இருண்டது. சூரியனை மேகம் மறைக்கிறது என்று நினைத்துக்கொண்டான். இன்னும் கொஞ்சம், இன்னும் ஒன்றே ஒன்று என்று பறித்தான்.

இங்கே மருதாயி பிளவில் கண்ணை வைத்துக் காத்திருந்தாள். இருவாச்சியின் இறக்கைச் சத்தம் வெகுதூரம் கேட்கும். அவளுக்குக் கேட்கவே இல்லை. பொழுது சாய்ந்தது, விடிந்தது, மறுபடி சாய்ந்தது. குஞ்சின் குரல் தேய்ந்துகொண்டே போனது.

பிளவுக்கு நேர் எதிரே மரநாய் வந்து உட்கார்ந்தது.

"உன் புருஷன் வரமாட்டான் மருதாயி. உள்ளயே கிடந்து ஏன் சாகுற? சுவரை உடைச்சிட்டு வெளிய வா. நான் பாத்துக்கறேன்."

அவள் நடுங்கும் குஞ்சைத் தன் வயிற்றோடு அணைத்துக்கொண்டாள்.

பனியின் ஓரம் பலமுறை இருண்டு வெளுத்தது. தொண்டை நிறைந்ததும் வேம்பன் வெளியே வந்தான். 'நிமிஷம்கூட ஆகலை, இதுக்குப் போய்ப் பயந்தாளே!' என்று சிரித்துக்கொண்டான்.

சிரிப்பு பாதி வழியிலேயே நின்றது. மொட்டைப் பாறையில் மரங்கள் அடர்ந்திருந்தன. வற்றிய ஓடையில் வெள்ளம் ஓடியது. அவன் உயிரைக் கையில் பிடித்துக்கொண்டு பொந்துக்குப் பறந்தான்.

பிளவுக்குள் ஓர் அலகு தெரிந்தது. அப்பாடா! "மருதாயி, இந்தா," என்று பழத்தை நீட்டினான்.

உள்ளே இருந்த பறவை அலறியது. "யார் நீங்க?"

அந்தக் குரல் மருதாயியுடையது அல்ல.

மேலிருந்து ஓர் இளம் இருவாச்சி பாய்ந்து வந்து அவனைத் தள்ளியது. "என் பொண்டாட்டி இருக்கிற பொந்து இது. தள்ளிப் போ."

"இது என் வீடப்பா. நான் வேம்பன். உள்ள மருதாயியும் என் குஞ்சும்..."

இளம் பறவை அவனையே பார்த்தது.

"அந்தக் குஞ்சு நான்தான்," என்றது. "அணில் மாமா கொண்டுவந்த பழத்தையெல்லாம் அம்மா எனக்கே குடுத்தாங்க. எனக்கு இறக்கை முளைச்சதும் சுவரை உடைச்சாங்க. என்னை மேல பறக்கச் சொல்லிட்டு, அவங்க மரநாய் முன்னால குதிச்சாங்க. பட்டினி கிடந்த உடம்பு. பறக்க முடியலை."

வேம்பன் கிளையில் அப்படியே சரிந்தான். "நான் போய் ஒரு நிமிஷம்தான்டா ஆச்சு," என்று அழுதான்.

"கடைசி வரைக்கும் அம்மா உங்க இறக்கைச் சத்தத்துக்குத்தான் காது குடுத்துட்டிருந்தாங்க," என்றான் மகன்.

வேம்பன் தொண்டையில் இருந்த பழங்களைக் கக்கி மகன் முன்னால் வைத்தான். மகன் அவற்றைத் தொடவில்லை.

"வழிவிடுங்க. இவளுக்குப் பசிக்கிற நேரம். நான் மலைக்குப் போகணும்," என்று சொல்லிவிட்டுப் பறந்துபோனான்.

நமக்கு ஒரு நிமிஷமாகத் தெரிவது, நம்மையே நம்பிக் காத்திருப்பவருக்கு ஓர் ஆயுளாக இருக்கலாம்.